சுவாத்தியாயப் பாடம்: நூற்பொருளை உணரும் ஐந்து நெறிகள்



நூலை ஓதுதல் எளிது. ஓதிய நூலின் பொருளை உணர்தல் அரிது. உணர்ந்த பொருளை உரியவரிடத்தில் உரிய வகையில் எடுத்துரைத்தல் அதனினும் அரிது. இம்மூன்றிற்கும் நம் ஆசார்யர்கள் முறை வகுத்துத் தந்துள்ளார்கள். அம்முறையை மறந்து ஏட்டில் உள்ள ஒரு வரியை மட்டும் எடுத்துக்கொண்டு பேசுவோமாயின் அறநூலின் பெயராலேயே அறமல்லாததைச் சொல்லிவிட நேரும். அவ்வாறு நேர்ந்த ஒரு நிகழ்ச்சியை முன்வைத்து இப்பாடத்தை அமைத்துள்ளோம்.

1. பாடம் எழுந்த சூழல்

2024ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் கள்ளக்குறிச்சி நகரின் கருணாபுரம் பகுதியிலும் சுற்றுப்புறங்களிலும் மெத்தனால் கலந்த சாராயத்தைக் குடித்து 60க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். அவர்களுள் பெரும்பாலோர் அன்றாடக் கூலி வேலை செய்து பிழைத்தவர்கள், பெண்களும் இருந்தனர். ஒரே தெருவில் வரிசையாகச் சாவுப் பந்தல்கள் நின்ற காட்சியை நாடே கண்டது. தாய் தந்தை இருவரையும் இழந்த பிள்ளைகளும் உண்டு.

அதற்குச் சில நாட்களுக்குப் பின் நாம் கலந்துகொண்ட சுவாத்தியாயக் கூட்டம் ஒன்றில் இச்செய்தி பேச்சாக எழுந்தது. நூற்பயிற்சி மிக்க பெரியவர் ஒருவர், “அவரவர் ஆயுள் கர்மம் முடிந்தது, அவரவர் போயினர். ஒருவரை ஒருவர் கொல்ல முடியாது என்று சமயசாரமே கூறுகின்றது. அவ்வாறிருக்க, விற்றவனைத் திட்டுவானேன்? மாண்டவர்க்கு அழுவானேன்?” என்றார். கூட்டத்தில் எவரும் மறுத்துரைக்கவில்லை. நாமும் வாய்மூடியே இருந்தோம். அவர் கூறிய வரி நூலில் உள்ளது என்பது நமக்குத் தெரியும். ஆயினும் அதிலே ஏதோ பிழை இருக்கின்றது என்று உள்ளம் உறுத்திற்று. பிழை எங்கே என்று சுட்டிக்காட்ட அன்று நமக்கு இயலவில்லை.

மூன்றாம் நாள், நம் இல்லத்திற்குக் கீரை கொண்டுவரும் அம்மையார் வந்தார். கருணாபுரத்துத் துயரில் கணவரை இழந்தவர் அவர். கூடையை இறக்கி வைத்துவிட்டு, “டீச்சரம்மா, நீங்க தினமும் புத்தகம் படிக்கிறீங்களே. என் ராசியாலதான் அவரு போயிட்டாருன்னு எங்க சனமே சொல்லுது. உங்க புத்தகத்துல அப்படித்தான் இருக்கா?” என்று கேட்டார்.

விடை தெரியாத வினாவிற்கு அவசரப்பட்டு விடை சொல்லாதே, ‘பார்த்துச் சொல்கிறேன்’ என்று சொல், சொன்னபடி பார்த்துச் சொல் என்பது ஆசிரியப் பயிற்சியில் நாம் கற்ற முதற்பாடங்களுள் ஒன்று. அந்த அம்மையாரிடம் அதையே சொன்னோம். பின்னர் நூல்களை எடுத்துவைத்துக்கொண்டு அமர்ந்தோம். அப்போது கண்டவற்றையே இங்கு முறைப்படுத்தித் தருகின்றோம்.

2. ஐவகைப் பொருள்

நேமிசந்திரர் அருளிய திரவ்யசங்கிரகத்திற்கு உரைகண்ட பிரம்மதேவரும், குந்தகுந்தர் நூல்களுக்கு உரைகண்ட ஜயசேனரும் ஓர் அரிய நெறியைக் கூறியுள்ளனர். நூலின் எந்த வாக்கியத்திற்கும் ஐந்து வகையாகப் பொருள் காணவேண்டும் என்பது அந்நெறி. அவை:

சப்தார்த்தம் – சொல்லின் பொருள் யாது?
நயார்த்தம் – எந்தப் பார்வையில் நின்று சொல்லப்பட்டது?
மதார்த்தம் – யாருடைய கொள்கையை மறுக்கச் சொல்லப்பட்டது?
ஆகமார்த்தம் – ஆகமத்தின் ஏனைய பகுதிகளோடு இயைகின்றதா?
பாவார்த்தம் – இதனால் நாம் கொள்ளத் தக்கது எது, தள்ளத் தக்கது எது?

இவ்வைந்தும் படிக்கட்டுகளைப் போன்றவை. முதற்படியில் நின்றுகொண்டே மாடியின் காட்சியைக் கண்டுவிட்டதாகக் கூறுவது தவறு. ஒவ்வொன்றாகக் காண்போம்.

3. சொல்லின் பொருள்

சொற்பொருள் எளிது என்று நினைக்கின்றோம். ஒரு சொல்லை எடுத்துக்கொள்வோம். ஸமந்தபத்திரர் தம் இரத்தினகரண்டக சிராவகாசாரத்தில் இல்லறத்தார்க்குரிய மூலகுணங்கள் எட்டு என்கின்றார். அணுவிரதங்கள் ஐந்து, மத்யம், மாம்ஸம், மது ஆகிய மூன்றையும் விலக்குதல் மூன்று. இதைப் படிக்கும் தமிழ் மாணவர் பலர் ‘மது’ என்ற சொல்லுக்குச் சாராயம் என்று பொருள் கொள்கின்றனர். அது இயல்பே. மதுவிலக்கு, மதுக்கடை என்று நாள்தோறும் காதில் விழுகின்றதன்றோ? ஆனால் சாராயத்தைக் குறிக்க ‘மத்யம்’ என்ற சொல் முன்னரே வந்துவிட்டது. ஆகவே இங்கு ‘மது’ என்பது தேனையே குறிக்கும். சொல்லின் பொருளை அகராதி மட்டும் முடிவு செய்வதில்லை. பக்கத்தில் நிற்கும் சொற்களும் சேர்ந்தே முடிவு செய்கின்றன.

ஒரு சொல்லுக்குப் பல பொருள் உண்டு என்பதை நம் முன்னோர் நன்கறிந்திருந்தனர். சூடாமணி நிகண்டு செய்த மண்டலபுருடர் சமணர். அவருடைய ஆசிரியராகிய குணபத்திரர் திருநறுங்கொண்டையைச் சேர்ந்தவர். அப்பாண்டைநாதர் ஆலயம் அமைந்த அத்திருநறுங்கொண்டை இன்று நம் கள்ளக்குறிச்சி மாவட்டத்திலேயே, உளுந்தூர்பேட்டைப் பக்கத்தில் இருக்கின்றது. அந்நிகண்டின் 12 தொகுதிகளுள் பதினோராவது, ஒரு சொல்லுக்குரிய பல பொருள்களைத் தொகுத்துக் கூறுவது. திண்ணைப் பள்ளிகளில் பிள்ளைகள் அதனை மனப்பாடம் செய்தனர். பொருள் பலவாதலை அறிந்த பிறகே நூலைத் தொடவேண்டும் என்ற கல்விமுறை அது.

சொல்லின் நிலைகளைப் பிரித்தறிய ஆகமம் கூறும் வழி நிக்ஷேபம். அது நாமம், ஸ்தாபனை, திரவ்யம், பாவம் என நால்வகைப்படும். ‘ஆசிரியர்’ என்ற சொல்லையே கொள்வோம். கற்பிக்கும் தொழிலோடு தொடர்பு ஏதுமின்றி ஒருவருக்கு ‘வாத்தியார்’ என்று பெயர் வழங்கினால் அது நாமம். பள்ளிச் சுவரில் மாட்டியுள்ள படத்தைக் காட்டி ‘இவர் எங்கள் ஆசிரியர்’ என்றால் அது ஸ்தாபனை. பயிற்சிப் பள்ளியில் படிக்கும் வருங்கால ஆசிரியையும், எம்மைப்போல் ஓய்வுபெற்ற ஆசிரியையும் திரவ்யம். இப்போது வகுப்பில் நின்று கற்பித்துக்கொண்டிருப்பவரே பாவம். சொல் ஒன்று, நிலை நான்கு.

இதனை ஏட்டுக்கணக்கு என்று எண்ணற்க. கருணாபுரத்தில் நிகழ்ந்தது யாது? ‘சாராயம்’ என்ற பெயர் இருந்தது. நிறமும் மணமும் ஏறத்தாழ அப்படியே இருந்தன. உள்ளே இருந்த பொருளோ மெத்தனால். அது உடலினுள் ஃபார்மால்டிஹைடாகவும் பின்னர் ஃபார்மிக் அமிலமாகவும் மாறிக் கண்ணின் நரம்பைக் கெடுத்து உயிரையும் பறிக்கின்றது. இரண்டையும் வேதியியல் நூல் ‘ஆல்கஹால்’ என்ற ஒரே குடும்பப் பெயரால் அழைக்கின்றது. பெயரை நம்பிக் குடித்தவர்க்குப் பொருள் வேறாயிற்று. சொல்லையும் பொருளையும் ஒன்றென மயங்குவதால் எத்தகைய கேடு விளையும் என்பதற்கு இதனினும் கொடிய சான்று வேண்டுமோ?

‘கருணாபுரம்’ என்பதும் ஒரு பெயரே. அங்கே கருணை பாவ நிலையில் இருக்கின்றதா, நாமமாக மட்டும் நிற்கின்றதா என்பது அங்கு வாழ்வோரைக் காட்டிலும் சுற்றி வாழும் நம்மைப் பொறுத்தது.

4. கேட்டறிதலின் இன்றியமையாமை

சொற்பொருள் தனித்து அமர்ந்து படிப்பதால் மட்டும் கைகூடாது. தத்துவார்த்த சூத்திரத்தில் உமாஸ்வாமி ஆசார்யர் சுவாத்தியாயத்தை ஐந்தாகப் பகுக்கின்றார்: வாசித்தல், வினவுதல், சிந்தித்தல், பிழையறப் பன்முறை ஓதுதல், அறம் உரைத்தல். வாசித்தலுக்கு அடுத்து வினவுதலை வைத்தமை நோக்கத்தக்கது.

இதற்குத் தமிழ் நாட்டிலேயே ஒரு சிறந்த சான்று உண்டு. 1880ஆம் ஆண்டில் கும்பகோணம் கல்லூரியில் தமிழாசிரியராக இருந்த உ. வே. சாமிநாதையரிடம் சேலம் இராமசாமி முதலியார் சீவகசிந்தாமணியைப் பற்றிக் கேட்டார். அதன் பிறகே ஐயர் அவர்கள் அந்நூலைக் கையில் எடுத்தார். பெரும்புலவராகிய மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பயின்றவர், இலக்கணம் வல்லவர். ஆயினும் சிந்தாமணியில் வரும் சமண சமயச் செய்திகள் விளங்கவில்லை. நச்சினார்க்கினியர் உரையைக் கையில் வைத்துக்கொண்டும் விளங்கவில்லை. அவ்வூரில் சமணர்கள் வாழ்கின்றனர் என்று அறிந்து அவர்களைத் தேடிச் சென்றார். அவர் சென்ற இல்லத்தில் அன்று ஒரு விழாக்கோலம். காரணம் வினவியபோது, ஆறு மாதங்களாகச் சிந்தாமணியைப் படித்து வந்து அன்று நிறைவு செய்ததாகக் கூறினார்கள். உலகம் மறந்ததாக அவர் எண்ணியிருந்த நூல் அங்கே ஓதும் நூலாக வாழ்ந்துகொண்டிருந்தது. சந்திரநாத செட்டியார், வீடூர் அப்பாசாமி நயினார் முதலியோரிடம் அமர்ந்து ஐயங்களைக் கேட்டுக் கேட்டுத் தெளிந்தார். 1887ஆம் ஆண்டில் நூல் அச்சேறிற்று.

உரையாசிரியர் நச்சினார்க்கினியரைப் பற்றியும் ஒரு செவிவழிச் செய்தி வழங்குகின்றது. அவர் முதலில் எழுதிய உரையைச் சமணப் புலவர்கள் ஏற்கவில்லை என்றும், பின்னர் அவர் சித்தாமூர் மடத்தில் தங்கிச் சமண நூல்களைக் கற்று மீண்டும் உரை எழுதினார் என்றும் கூறுவர். செய்தியின் உண்மை எவ்வாறாயினும் அதன் கருத்துத் தெளிவு. நூலை வாழ்வாகக் கொண்டவரிடம் கேட்டே நூலின் பொருளைக் காணவேண்டும்.

இதன் மறுபுறத்தையும் மறத்தலாகாது. நூலை மரபாகப் பெற்ற நமக்கு அதனால் பெருமையினும் பொறுப்பே மிகுதி. நாம் பிழையாகப் பொருள் சொன்னால், கேட்க வந்தவர் அப்பிழையையே சமண சமயம் என்று கொண்டு செல்வார்.

5. நயமும் அதன் எல்லையும்

இனிப் பெரியவர் கூறிய வரிக்கு வருவோம். சமயசாரத்தின் பந்த அதிகாரத்தில் குந்தகுந்த ஆசார்யர் கூறுவதன் சாரம் இது: ‘நான் பிறரைக் கொல்கின்றேன், பிறரால் கொல்லப்படுகின்றேன்’ என்று எண்ணுபவன் அறியாமையில் இருக்கின்றான். உயிரின் மரணம் ஆயுள் கர்மம் கழிவதால் நிகழ்வது. பிறருடைய ஆயுளை நீ எடுக்கவோ கொடுக்கவோ முடியாதபோது ‘நான் செய்தேன்’ என்பது எவ்வாறு பொருந்தும்?

இது நிச்சய நயம். உயிர்த்தத்துவத்தை உள்நின்று நோக்கும் பார்வை. இதற்கு இணையாக வியவகார நயம் என்ற மற்றொரு பார்வையும் உண்டு. நிமித்தங்கள், செயல்கள், உறவுகள், கடமைகள் அனைத்தும் அப்பார்வைக்கு உரியன. ஒரு நயம் தன் இடத்தில் உண்மை. பிற நயங்களை முற்றும் மறுக்கும்போது அதுவே நயாபாசம், அதாவது நயம் போலத் தோன்றும் பொய். அநேகாந்தத்தின் உயிர்நிலை இதுவே.

குந்தகுந்தர் தாமே இதனைத் தொடக்கத்தில் எச்சரித்துள்ளார். வேற்றுமொழி பேசுபவனுக்கு அவனுடைய மொழியிலன்றிப் பொருளை உணர்த்த முடியாதது போல, வியவகாரமின்றிப் பரமார்த்தத்தைக் கற்பிக்க முடியாது என்பது அவர் கருத்து. வகுப்பறையில் நின்றவர் எவருக்கும் இவ்வுண்மை சொல்லாமலே விளங்கும்.

உரையாசிரியராகிய அமிருதசந்திரர் ஆத்மக்யாதி உரையில் இன்னும் அஞ்சாது பேசுகின்றார். வியவகார நயத்தைத் தள்ளி, உயிரும் உடலும் முற்றும் வேறு என்பதை மட்டும் கொண்டால், உயிர்களைச் சாம்பலை நசுக்குவது போல ஐயமின்றி நசுக்கலாம் என்றாகும்; அதில் ஹிம்சையே இல்லை என்றாகும்; பந்தமும் இல்லை, அதனால் மோக்ஷமும் இல்லை என்று முடியும் என்கின்றார். நம் கூட்டத்தில் எழுந்த பேச்சிற்கு ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அவர் விடை எழுதி வைத்துள்ளார். வரியைப் படித்தோம், அதன் எல்லையைக் கூறும் உரையைப் படிக்கவில்லை. நம் குற்றம் அதுவே.

ஓர் உவமையால் இரு நயங்களையும் பொருத்திக் காண்போம். அகல் விளக்கில் எண்ணெய் உள்ளவரை சுடர் எரியும். எண்ணெய் தீர்ந்தால் அணையும். மெல்ல எரிந்து தீர்ந்தாலும், ஒருவன் காலால் தட்டிக் கவிழ்த்தாலும், சுடர் அணைவதற்குக் காரணம் எண்ணெய் இல்லாமையே. இஃது ஒரு பார்வை; இதில் பொய் இல்லை. ஆனால், ‘எண்ணெய் தீர்ந்தது, அவ்வளவே’ என்று சொல்லி, தட்டிவிட்டவனை வீட்டுக்கு அனுப்பிவைப்பது அறிவாகுமா? எண்ணெய் ஏன் இன்றே தீர்ந்தது என்ற கேள்வி எஞ்சி நிற்கின்றதன்றோ?

6. யாரை நோக்கிய விடை?

ஒரு நூல் எக்கொள்கையை எதிர்த்துப் பேசுகின்றது என்பதை அறியாவிடில் அதன் விடையை வேறொரு வினாவிற்கு விடையாக்கிவிடுவோம். இதுவே மதார்த்தத்தின் பயன்.

பந்த அதிகாரம் மறுப்பது எதனை? ‘நானே செய்பவன், நானே காப்பவன், நானே அழிப்பவன்’ என்ற செருக்கை மறுக்கின்றது. பிறர் துயரைக் கண்டு இரங்குதலை அது மறுக்கவில்லை. ‘எல்லாம் முன்னமே முடிந்தது, முயற்சியும் இல்லை, பொறுப்பும் இல்லை’ என்று கூறிய சமயம் வேறு. அது மற்கலியின் ஆசீவகம். நம் நீலகேசியில் ஆசீவகரோடு வாதிடுவதற்கென்றே தனிச் சருக்கம் உண்டு. பேராசிரியர் அ. சக்கரவர்த்தி நயினார் அந்நூலைச் சமயதிவாகர வாமன முனிவர் உரையோடு 1936இல் பதிப்பித்து நமக்கு அளித்துள்ளார்.

சுவேதாம்பர ஆகமங்களுள் ஏழாம் அங்கமாகிய உபாஸகதசாங்கத்தில் சத்தாலபுத்திரன் என்ற குயவனின் வரலாறு வருகின்றது. அவன் ஆசீவகக் கொள்கையினன். முயற்சி என்று ஒன்றில்லை, யாவும் நியதி என்பவன். வெயிலில் உலரும் அவனுடைய பானைகளைக் கண்ட பகவான் மகாவீரர், இவை முயற்சியால் ஆனவையா, முயற்சியின்றி ஆனவையா என்று வினவுகின்றார். முயற்சியின்றியே என்கின்றான் அவன். உன் பானைகளை ஒருவன் உடைத்தாலோ, உன் மனைவியிடம் முறைகேடாக நடந்துகொண்டாலோ நீ என்ன செய்வாய் என்று கேட்கின்றார். அடிப்பேன், தண்டிப்பேன் என்கின்றான். எல்லாம் நியதி எனில் அவனைத் தண்டிப்பதற்கு உனக்கு ஏது உரிமை? தண்டிப்பாய் எனில் எல்லாம் நியதி என்பது பொய்யன்றோ? குயவன் தெளிந்தான்.

இவ்வரலாற்றைப் படித்தபோது நாம் வெட்கினோம். தன் பானை உடைந்தால் ‘உடைத்தவன் யார்?’ என்று கேட்போம். கருணாபுரத்தில் பிறர் உயிர் போனபோது மட்டும் ‘எல்லாம் வினை’ என்று கூறினோம். நம் கூட்டத்தில் அன்று ஒலித்தது சமணக் குரல் அன்று. சமண நூலைக் கையில் ஏந்திய ஆசீவகக் குரல்.

7. ஆகமத்தோடு இயைபு

நான்காவது படி, வரியை ஏனைய நூற்பகுதிகளோடு வைத்து நோக்குவது. இங்கேதான் அம்மையாரின் கேள்விக்கு நேரான விடை கிடைத்தது.

தத்துவார்த்த சூத்திரத்தின் இரண்டாம் அத்தியாயத்து இறுதிச் சூத்திரம் ஆயுளைப் பற்றியது. தேவர், நரகர், அப்பிறவியிலேயே முக்தி எய்தும் உத்தம உடலினர், எண்ணிறந்த ஆண்டு ஆயுள் படைத்த போகபூமியினர் ஆகியோரின் ஆயுள் இடையில் குறைக்கப்படாதது என்கின்றது. இவர்களை மட்டும் பிரித்துக் கூறியமையால் ஏனையோரின் ஆயுள் இடையில் குறையக்கூடும் என்பது பெறப்படும். எதனால் குறையும்? பூஜ்யபாதர் தம் ஸர்வார்த்தஸித்தி உரையில் விஷம், ஆயுதம் முதலிய புறக்காரணங்களால் என்று வெளிப்படையாக எழுதுகின்றார். விஷமே முதலில் நிற்கின்றது!

அகளங்கர் ராஜவார்த்திகத்தில் மேலும் விளக்குகின்றார். மாங்காய் தன் காலத்திலும் பழுக்கும். உரிய உபாயத்தால் காலத்திற்கு முன்பும் பழுக்க வைக்கப்படும். அதுபோல மரணமும் காலத்திற்கு முன் நேரக்கூடும். அகால மரணம் இல்லை எனில் மருத்துவ நூலே பயனற்றதாகும் என்கின்றார். குந்தகுந்தரும் தம் பாவபாகுடத்தில் விஷம், வேதனை, இரத்த இழப்பு, அச்சம், ஆயுதம் முதலியவற்றால் ஆயுள் தேய்வதை எடுத்துரைக்கின்றார். சமயசாரம் எழுதிய அதே கை எழுதியது இது. இரண்டையும் சேர்த்துப் படிப்பவர்க்கே குந்தகுந்தர் விளங்குவார்.

ஆக, கருணாபுரத்தில் மாண்டோர் ‘ஆயுள் முடிந்து’ போயினர் என்பது அரைகுறை விடை. விஷத்தால் ஆயுள் குறைக்கப்பட்டுப் போயினர் என்பதே ஆகமத்தோடு இயைந்த விடை.

விற்றவன் நிலை யாது? அஸ்தேய அணுவிரதத்தின் அதிசாரங்களுள் அரசின் சட்டத்தை மீறுதலையும், போலிப் பொருளைக் கலந்து விற்றலையும் உமாஸ்வாமி எடுத்தோதுகின்றார். தீச்செயலின் வகைகளை 108 எனக் கணக்கிடும்போது தான் செய்தல், பிறரைக்கொண்டு செய்வித்தல், செய்தவரை உடன்படுதல் மூன்றும் அதில் அடங்குகின்றன. காய்ச்சியவன், கலந்தவன், கடத்தியவன், கண்டும் காணாதிருந்து உடன்பட்டவன் அனைவரும் அக்கணக்கினுள் வருவர்.

குடித்தவர் பங்கில் பிழையே இல்லையோ? இருக்கின்றது, மறைக்க வேண்டியதில்லை. மத்யம் மனத்தை மயக்கும், மயங்கியவன் அறத்தை மறப்பான், அறத்தை மறந்தவன் தயங்காது ஹிம்சை செய்வான் என்று அமிருதசந்திரர் புருஷார்த்தசித்தியுபாயத்தில் கூறியது என்றும் உண்மை. ஆனால் அது குடிக்கும் முன் கூறவேண்டிய அறவுரை. இறந்தவர் வீட்டு வாசலில் கூறும் இரங்கலுரை அன்று. பகல் முழுதும் சுமை தூக்கியவர் மாலையில் ஏன் அந்தப் பொட்டலத்தைத் தேடிப் போனார் என்பதை ஆராயாமல், அவர் மட்டுமே குற்றவாளி என முடிப்பதும் ஏகாந்தமே.

8. கொள்ளத் தக்கதும் தள்ளத் தக்கதும்

இறுதிப்படி பாவார்த்தம். நூலைப் படித்ததன் பயனாக நம்முள் எது வளரவேண்டும்?

உமாஸ்வாமி நான்கு பாவனைகளைக் கூறுகின்றார்: எல்லா உயிரிடத்தும் நட்பு, குணத்தில் மிக்காரிடத்து மகிழ்ச்சி, துன்புறுவோரிடத்துக் கருணை, திருந்தாதாரிடத்து நடுநிலை. துன்புறுவோரிடத்து நடுநிலை என்று அவர் கூறவில்லை. கருணை என்றே கூறினார். நம் கூட்டத்தில் நாம் செய்த தவறு இடம் மாறிய பாவனை. சாதாவேதனீயம் என்னும் இன்பம் தரும் வினை வருவதற்கும் உயிர்களிடத்து இரக்கத்தையே முதற்காரணமாக வைத்தார். நற்காட்சியின் அடையாளங்களுள் அனுகம்பை ஒன்று. ஆகவே, எந்த விளக்கம் நம் இரக்கத்தை வற்றச் செய்கின்றதோ அந்த விளக்கம் எத்துணை நூல்வரிகளைக் காட்டினும் நற்காட்சியின் விளக்கம் ஆகாது.

இதிலிருந்து ஒரு நடைமுறை விதியை நாம் வகுத்துக்கொண்டோம். வினைக்கொள்கையின் உள்நோக்கிய வரிகளைத் தன் துயரத்தின்போது தனக்குத்தானே சொல்லிக்கொள்ளலாம். அங்கே அது பகையைத் தணிக்கும், பொறுமையைத் தரும். பிறர் துயரத்தின்போது அவரிடம் சொல்லலாகாது. அங்கே அது நம் கடமையைத் தட்டிக்கழிக்கும் சாக்காக மாறும். வரி அதுவே, நிற்கும் இடம் வேறு.

பவணந்தி முனிவர் நன்னூலில் மாணாக்கரை அன்னம், பசு, மண், கிளி, ஓட்டைக்குடம், ஆடு, எருமை, நெய்யரி எனப் பிரித்தார். நெய்யரி நெய்யை ஒழுகவிட்டுக் கசட்டைப் பிடித்து வைத்துக்கொள்ளும். சமயசாரத்திலிருந்து ஆணவ ஒழிப்பை ஒழுகவிட்டு, அலட்சியத்தை மட்டும் பிடித்து வைத்துக்கொண்ட நாம் அன்று நெய்யரியாக இருந்தோம்.

அடுத்த கூட்டத்தில் நூல்களைக் கொண்டு சென்று அப்பெரியவரிடம் காட்டினோம். அவர் அந்த இறுதிச் சூத்திரத்தின் உரையை இருமுறை படித்தார். “இதைப் பலமுறை ஓதியிருக்கிறேன் அம்மா, இங்கே கொண்டுவந்து பொருத்தவில்லை” என்றார். கற்றவர்க்கு அழகு அவ்வொப்புதலே.

கீரைக்கார அம்மையாரிடமும் கூறினோம். உங்கள் ராசியால் என்று எங்கள் நூலில் இல்லை. விஷத்தால் ஆயுள் குறையும் என்றே இருக்கின்றது என்றோம். அவர் சற்று நேரம் பேசவில்லை. பின்னர், “அப்படின்னா அவரு இன்னும் இருந்திருக்கலாம், இல்லையா டீச்சரம்மா?” என்றார். ஆம் என்றோம். அழுதார். உண்மைப் பொருள் எப்போதும் ஆறுதலாக அமைவதில்லை என்பதை அன்று அறிந்தோம். ஆயினும் எழுந்து போகும்போது, “என் மேல குத்தமில்லைன்னு எங்க மாமியார்கிட்டயும் வந்து சொல்லுங்க” என்று கேட்டுக்கொண்டார். போய்ச் சொன்னோம்.

சிந்தித்தற்குரிய வினாக்கள்

1. ‘மத்யம்’, ‘மது’ இரண்டும் ஒரே வரிசையில் வரும்போது பொருள் வேறாவது எவ்வாறு? இதுபோல் வேறு இரு சொற்களை எடுத்துக் காட்டுக.
2. ‘தர்மம்’ என்ற சொல்லை நான்கு நிக்ஷேபங்களிலும் வைத்து விளக்குக.
3. நிச்சய நயம் எப்போது நயாபாசம் ஆகின்றது?
4. குயவன் சத்தாலபுத்திரனின் விடைகளுள் முரண் யாது? நம் அன்றாடப் பேச்சில் அம்முரண் எங்கெங்கு வருகின்றது?
5. துயருற்ற ஓர் இல்லத்திற்குச் செல்லும்போது வினைக்கொள்கையை அறிந்த ஒருவர் பேசவேண்டியது யாது, பேசாதிருக்க வேண்டியது யாது?

இவ்வினாக்களைச் சுவாத்தியாயக் குழுக்களில் இளையோரை முதலில் பேசவிட்டு, பின்னர்ப் பெரியோர் விடை கூறும் முறையில் நடத்துமாறு வேண்டுகின்றோம்.

வாழ்க ஜினதர்மம். வளர்க உயிரிரக்கம்.